சொதிப் பந்தி ஒன்று போதும்: கைக்கடக்கமான செலவில் ஒரு நெல்லை வரவேற்பு

எத்தனை இலை? வரவேற்புக்கென்று நோட்டும் பேனாவுமாக உட்காரும் வீட்டில் முதலில் எழுத வேண்டிய எண் இது. மண்டபம், மேடை, போட்டோ எல்லாம் இதற்குப் பிறகு. ஆனால் நம் ஊரில் நடப்பது தலைகீழ். முதலில் மண்டபத்துக்கு முன்பணம் கொடுத்துவிடுகிறோம். ‘இம்புட்டுப் பெரிய மண்டபத்த எடுத்துட்டு இருநூறு பேரையா கூப்பிடுதது?’ என்று யாராவது கேட்பார்கள். அன்றிலிருந்து அழைப்புப் பட்டியல் மண்டபத்தின் நீள அகலத்துக்கு வளரத் தொடங்கும்.

இலைக் கணக்கை ஆள்வாரியாக எழுத வேண்டாம், வீட்டுவாரியாக எழுதுங்கள். ஒவ்வொரு வீட்டுக்கு எதிரிலும் எத்தனை பேர் வருவார்கள் என்று போடுங்கள். இந்த இரண்டாவது எண்ணைத் தீர்மானிப்பது உறவைவிடக் கிழமையும் நேரமும்தான். ஞாயிறு மதியம் என்றால் பிள்ளைகளோடு வீடே வரும். வேலைநாள் மாலை என்றால் வீட்டுக்கு ஒருவர், மிஞ்சினால் இருவர். அம்பாசமுத்திரம், விக்கிரமசிங்கபுரம் பக்கத்திலிருந்து வருகிறவர்கள் கடைசி பஸ்ஸை நினைத்து ஒருவரை மட்டும் அனுப்புவார்கள். ஒரே பட்டியல் வேலைநாள் மாலையில் நூற்றைம்பது இலையாகவும், ஞாயிறு மதியத்தில் முந்நூறு இலையாகவும் ஆகக்கூடும்.

எண் கிடைத்ததும் கையிலுள்ள பணத்தில் பாதியைச் சாப்பாட்டுக்கு ஒதுக்குங்கள். ஒரு பேச்சுக்கு, வரவேற்புக்கென்று ஒரு லட்சம் ரூபாய் இருக்கிறது, இலைக்கு 200 ரூபாய் ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். பாதிப் பணம் 250 இலை தாங்கும். உங்கள் பட்டியல் 400 என்றால், இலைக்கு 125 ரூபாயில் சமாளிப்பதைவிடப் பட்டியலில் கை வைப்பதே மேல். அழைக்காமல் விட்டவரிடம் பிறகு ஒருநாள் வீட்டுக்குப் போய்ச் சொல்லிக்கொள்ளலாம். வந்து உட்கார்ந்தவர் இலையில் சோறு போதாமல் எழுந்து போனால் அதற்குச் சமாதானம் கிடையாது.

கடன் வாங்கி இலையைக் கூட்டுவது பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். தமிழ்நாட்டில் கந்துவட்டித் தடைச் சட்டம் 2003 முதல் இருக்கிறது. இருந்தும் 2017 அக்டோபரில், நெல்லை ஆட்சியர் அலுவலக வளாகத்திலேயே கந்துவட்டித் தொல்லை தாங்காமல் ஒரு குடும்பம் தீக்குளித்தது. ஒரு நாள் சாப்பாட்டுக்காக வார வட்டிக்கும் மாத வட்டிக்கும் பணம் எடுப்பதை இந்த நூல் எந்த இடத்திலும் ஒரு வழியாகச் சொல்லப்போவதில்லை.

அதேபோல், வராத உதவியையும் வரவில் எழுதாதீர்கள். மூவலூர் ராமாமிர்தம் அம்மையார் திருமண நிதியுதவித் திட்டத்தை இன்றும் பல பெரியவர்கள் நினைவில் வைத்திருக்கிறார்கள். அது 2022 இல் மாணவிகளின் உயர்கல்விக்கான புதுமைப் பெண் திட்டமாக மாற்றப்பட்டுவிட்டது. கைம்பெண் மறுமணம், ஏழைக் கைம்பெண்ணின் மகள், ஆதரவற்ற பெண், கலப்புத் திருமணம் ஆகியவற்றுக்கான உதவிகள் தனித்தனித் திட்டங்கள். உங்களுக்குப் பொருந்துமென்றால் திருமணத்துக்கு வெகு முன்பே சமூக நல அலுவலகத்தில் விசாரித்துவிடுங்கள். மொய்ப் பணத்தையும் வரவில் எழுதாதீர்கள். அது வருவது உறுதி. ஆனால் வரவு அல்ல, திருப்பிச் செய்ய வேண்டிய கடன். அதை நம்பிச் சமையல்காரருக்கு வாக்குக் கொடுத்தால், கூட்டம் கலைந்த பிறகு மொய் நோட்டைக் கூட்டிப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியதுதான்.

எந்த நாள், எந்த இடம்

முகூர்த்தம் தாலி கட்டத்தான் வேண்டும், வரவேற்புக்கு வேண்டாம். இந்த ஒன்றைப் பெரியவர்கள் ஒத்துக்கொண்டால் பாதிச் சிக்கல் தீர்ந்தது. முகூர்த்த நாளில் மண்டபம், சமையல்காரர், பூ, வாழை இலை, வேன் எல்லாம் ஒரே நேரத்தில் விலை ஏறும். தோவாளையிலும் சங்கரன்கோவிலிலும் மல்லிகை விலை முகூர்த்தத்துக்கு முந்தைய நாள் எங்கே நிற்கும் என்று யாராலும் சொல்ல முடியாது. ஆகவே முகூர்த்தத்தைக் கோயிலில் நெருங்கிய உறவோடு முடித்துக்கொண்டு, அடுத்த வாரம் முகூர்த்தமில்லாத ஒரு நாளில் வரவேற்பு வையுங்கள். ஆடி, புரட்டாசி, மார்கழி மாதங்களைத் தவிர்த்துவிட்டால் பெரியவர்களிடமிருந்து பெரிய எதிர்ப்பு வராது.

திருநெல்வேலியில் குறுக்குத்துறை முருகன் கோயில் அப்படித் தாலி கட்டப் பலரும் தேடிப் போகும் இடம். தாமிரபரணிக்குள்ளேயே நிற்கும் கோயில், ஆற்றில் வெள்ளம் வந்தால் முங்கிவிடும். எனவே ஐப்பசி, கார்த்திகையில் நாள் குறிப்பவர்கள் மாற்று இடம் ஒன்றையும் பேசி வைத்துக்கொள்ளுங்கள். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் காயல்பட்டினத்தில் 24 மணி நேரத்தில் சுமார் 95 செ.மீ. மழை கொட்டியதும், ஜங்ஷன் பஸ் நிலையம் தண்ணீரில் நின்றதும் மறந்திருக்காது. வடகிழக்குப் பருவமழையில் திறந்த வெளிப் பந்தல் வேண்டவே வேண்டாம். மணமக்களில் ஒருவர் மாற்றுத்திறனாளி என்றால் அறநிலையத் துறைக் கோயில்களில் திருமணக் கட்டணம் கிடையாது என்பதையும் கோயில் அலுவலகத்தில் கேட்டுப் பயன்படுத்திக்கொள்ளுங்கள்.

சடங்கே வேண்டாம் என்கிற வீடுகளுக்கு இன்னும் எளிய வழி இருக்கிறது. 1967 இல் அண்ணா முதல்வராக இருந்தபோது இந்து திருமணச் சட்டத்தில் 7-ஏ பிரிவு சேர்க்கப்பட்டது. உறவினர், நண்பர் முன்னிலையில் மணமக்கள் மாலை மாற்றிக்கொண்டாலோ, மோதிரம் அணிவித்தாலோ, தாலி கட்டினாலோ திருமணம் செல்லும். புரோகிதர் கட்டாயம் இல்லை. வரவேற்பு மேடையிலேயே திருமணமும் நடந்துவிடும், ஒரே செலவு.

மண்டபத்துக்கு வருவோம். முந்தின நாள் பிற்பகல் 3 மணி முதல் மறுநாள் 3 மணி வரை என்று 24 மணி நேரக் கணக்கில் வாடகை பேசுவதே பரவலான வழக்கம். தாலி கட்டுமுன் ஜோடியாக மேடையில் நிற்கலாமா என்று ஆச்சிகள் முகம் சுளித்தாலும், முந்தின நாள் மாலை வரவேற்பு பரவியதற்கு இந்த வாடகைக் கணக்கும் ஒரு காரணம் என்பது என் எண்ணம். நீங்கள் தனி நாளில் வைப்பதால் அரைநாள் வாடகைக்குக் கேளுங்கள். முகூர்த்தமில்லாத நாளில் பூட்டிக் கிடக்கும் மண்டபக்காரர் இறங்கி வருவார். மாநகராட்சி சமுதாய நலக்கூடம், உங்கள் சமூகத்துச் சங்க மண்டபம், சபை மண்டபம், விடுமுறை நாளில் பள்ளிக் கூடம் ஆகியவற்றை முதலில் விசாரித்துவிட்டுத் தனியார் மண்டபத்துக்குப் போங்கள்.

வாடகை எவ்வளவு என்று மட்டும் கேட்டுவிட்டுத் திரும்பாதீர்கள். 18 சதவீத ஜி.எஸ்.டி. அதில் அடக்கமா, மின்சாரம் யூனிட் கணக்கா, ஜெனரேட்டர் டீசல் யார் பொறுப்பு, துப்புரவுக் கட்டணம் தனியா, வெளிச் சமையல்காரரை ஆக்குப்புரைக்குள் விடுவார்களா, பாத்திரம் உண்டா என்று கேட்டு, பதிலை ரசீதிலேயே எழுதி வாங்குங்கள். இந்தச் சில்லறைகள் எல்லாம் சேர்ந்து வாடகையின் பாதி அளவுக்கு வந்து நிற்கிற இடமும் உண்டு.

வண்டிச் செலவைக் குறைக்கவும் இடம்தான் உதவும். செங்கோட்டைப் பாதையில் சேரன்மகாதேவி, காருகுறிச்சி, வீரவநல்லூர், கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம் எல்லாவற்றுக்கும் ரயில் நிலையம் உண்டு. ஜங்ஷனுக்கோ வண்ணார்பேட்டைக்கோ பக்கத்தில் மதிய வரவேற்பு வைத்தால் மேற்கிலிருந்து வருகிறவர்கள் ரயிலிலும் பஸ்ஸிலும் வந்து இருட்டுமுன் திரும்பிவிடுவார்கள். வேன் பேசுவதே மிச்சம்.

சொதி

இந்த அத்தியாயத்தின் உயிர் இங்கேதான் இருக்கிறது.

இலையில் ஐட்டம் குறைந்தால் ‘கஞ்சம்’ என்று பெயர் வரும். அந்தப் பயத்தில்தான் பதினெட்டு வகை, இருபத்திரண்டு வகை என்று எழுதுகிறோம். பாதி இலையோடு குப்பைக்குப் போகிறது. கூட்டும் பொரியலும் நாலாக இருந்தால்தான் விருந்து என்ற நினைப்புக்கு நம் ஊரிலேயே ஒரு விலக்கு இருக்கிறது. அது தேங்காய்ப் பாலில் வைக்கும் மாப்பிள்ளைச் சொதி. நெல்லைச் சைவ வேளாளர் வீடுகளில் கல்யாணத்துக்கு மறுநாள், மறுவீட்டு விருந்தில், சொதி வைப்பது வழக்கம். சோறு, சொதி, இஞ்சிப் பச்சடி, உருளைக்கிழங்குக் கறி, அப்பளம், தயிர். இவ்வளவுதான். சாம்பாரும் ரசமும் இல்லாததை யாரும் குறையாகப் பேசுவதில்லை. சொல்லப்போனால், கல்யாணச் சாப்பாட்டை மறந்தவர்களும் மறுவீட்டுச் சொதியை நினைவு வைத்திருப்பார்கள்.

ஆக, குறைவான பதார்த்தமே முறையான விருந்தாக இருக்கிற ஒரே பந்தி நமக்குச் சொதிப் பந்தி. வரவேற்பையும் மறுவீட்டையும் தனித்தனியாக வைக்காமல் ஒன்றாக்கி, ‘வரவேற்பும் மறுவீட்டுச் சொதியும்’ என்று அழைப்பிதழிலேயே போட்டுவிடுங்கள். வருகிறவர்கள் எதிர்பார்ப்போடு வருவார்கள். இன்று சொதி எல்லாச் சமூகத்து வீடுகளுக்கும் ஓட்டல்களுக்கும் வந்துவிட்டது. இலங்கைக்காரர்கள் இடியப்பத்துக்கு ஊற்றிக்கொள்ளும் சொதியும் இதன் சொந்தம்தான், ஆனால் நம்முடையது காய்கறியும் பாசிப்பருப்பும் சேர்ந்த கெட்டிக் குழம்பு.

மூத்த உறவினர் ஒருவர் நிச்சயம் கேட்பார்.

“என்னடே, ரசம் இல்லாம ஒரு கல்யாணச் சாப்பாடா?”

“ரிசப்சன் இல்ல அண்ணாச்சி, மறுவீட்டுச் சொதில்லா போடுதோம். தேங்கா கடையத்துத் தோப்புல இருந்து வருது. நீங்கதான் பந்தி விசாரிக்கணும்.”

பந்தி விசாரிக்கிற பொறுப்பைக் கொடுத்துவிட்டால் அதற்குப் பிறகு அவரே சொதிக்காக மற்றவர்களிடம் வாதாடுவார்.

இருநூறு இலைக்குத் தோராயக் கணக்கு இது: பொன்னி அரிசி 24 முதல் 25 கிலோ. நல்ல பருமனான தேங்காய் 45 முதல் 50. பாசிப்பருப்பு 5 அல்லது 6 கிலோ. உருளைக்கிழங்கு கறிக்கு மட்டும் 20 கிலோ. தயிர் 20 லிட்டர். கல்லிடைக்குறிச்சி அப்பளம் இலைக்கு இரண்டு. முருங்கைக்காய், கேரட், பீன்ஸ், பட்டாணி, சின்ன வெங்காயம், இஞ்சி, பச்சை மிளகாய், எலுமிச்சை ஆகியவை சமையல்காரர் சொல்லும் அளவு. இதில் விலை உங்களை மிரட்டக்கூடியது தேங்காய் ஒன்றுதான். 2025 இல் தேங்காய் விலை போன போக்கைப் பார்த்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. தோப்பு வைத்திருக்கிற உறவினர் ‘என்ன செய்யட்டும்’ என்று கேட்டால், வெள்ளி விளக்கு வேண்டாம், ஐம்பது தேங்காய் போதும் என்று கூச்சப்படாமல் சொல்லுங்கள்.

சொதியில் தவறு நடக்கும் இடங்கள் மூன்று. காய்கறியை இரண்டாம், மூன்றாம் பாலில் வேகவைத்து, வெந்த பருப்பையும் அரைத்த இஞ்சி மிளகாயையும் சேர்த்த பிறகு, முதல் பாலைக் கடைசியில் ஊற்ற வேண்டும். அது கொதித்தால் திரிந்துவிடும். எலுமிச்சையை அடுப்பிலிருந்து இறக்கிய பிறகே பிழிய வேண்டும். மூன்றாவது, சொதி நேரம் தாங்காது. இருநூறு பேருக்கும் காலையிலேயே ஒரே அண்டாவில் வைத்துவிட்டால் கடைசிப் பந்திக்குப் புளித்த வாடை தட்டும். இரண்டு தடவையாகச் சமைக்கச் சொல்லுங்கள். பால் பிழிய ஆள் கூடுதலாக வேண்டும். பாக்கெட் தேங்காய்ப் பால் வேலையை மிச்சப்படுத்தும், ருசியை மிச்சம் வைக்காது.

இனிப்புக்குப் பாயசம் வேண்டாம் என்பேன். சொதியிலேயே தேங்காய்ப் பாலும் பாசிப்பருப்பும் இருக்கும்போது அதே இரண்டையும் வெல்லத்தில் போட்டு இன்னொரு முறை கொடுப்பானேன்? ஆளுக்கு 50 கிராம் அல்வா, இருநூறு பேருக்கு 10 கிலோ. இருட்டுக்கடை மாலையில்தான் திறக்கும், வரிசையும் நீளம். மதிய விருந்துக்கு அது கதையாகாது. உங்களுக்குப் பழக்கமான கடையில் ஒரு வாரம் முன்பே சொல்லி வையுங்கள்.

சமையல்காரரிடம் இரண்டு வகையாகப் பேசலாம். இலைக்கு இவ்வளவு என்று மொத்தமாகக் கொடுப்பது ஒன்று. சாமான் நாம் வாங்கிக் கொடுத்து, கூலி மட்டும் பேசுவது மற்றொன்று. 250 இலைக்குள் என்றால், அதுவும் சொதி என்றால், கூலிச் சமையலே லாபம். மளிகைப் பட்டியல் சிறியது, மிஞ்சின அரிசியும் பருப்பும் வீட்டுக்கு வரும். மொத்தமாகப் பேசினால், குறைந்தபட்சம் எத்தனை இலைக்குப் பணம் என்பதை முன்பே முடிவு செய்து, இலைக்கட்டுக்குப் பக்கத்தில் உங்கள் ஆள் ஒருவரை உட்கார வையுங்கள். பந்திக்கு முன் எத்தனை, பின் எத்தனை என்று அவர் எண்ணிச் சொல்வதுதான் கணக்கு. காஸுக்கு வீட்டு சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு போகக் கூடாது, 19 கிலோ வணிக சிலிண்டர்தான் சட்டப்படி சரி.

பஃபே வேண்டாம். நின்றுகொண்டு சொதி சாப்பிட முடியாது என்பது ஒரு பக்கம். தட்டில் எடுப்பதற்குக் கணக்கே இல்லை என்பது இன்னொரு பக்கம். நூறு பேர் உட்காரும் கூடத்தில் இரண்டு பந்தியில் முடித்துவிடலாம். பதார்த்தம் கொஞ்சம் என்பதால் தலைவாழை நுனி இலை தேவையில்லை, ஏடு போதும். சேரன்மகாதேவி, களக்காடு வட்டாரத்தில் வாழை வைத்திருப்பவர் யாராவது உங்கள் பட்டியலில் இருப்பார்கள். மேசைமேல் விரிக்கும் பிளாஸ்டிக் தாளும் பிளாஸ்டிக் பூசிய கப்பும் 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடை. காகிதச் சுருளும் எவர்சில்வர் டம்ளரும் வாடகைக்குக் கிடைக்கின்றன. பரிமாற வீட்டுப் பையன்கள் போதும். மிஞ்சியதை முதியோர் இல்லத்துக்குக் கொடுப்பதாக இருந்தால் முந்தின நாளே பேசிவிடுங்கள். சோறு, கறி, தயிர் கொடுங்கள், சொதியை மட்டும் கொடுக்காதீர்கள்.

கறி விருந்துதான் வழக்கம் என்கிற வீடுகளிலும் இதே புத்தி செல்லும். மேலப்பாளையத்து வீட்டில் நெய்ச்சோறும் தால்ச்சாவும் ஒரு கறியும் போதும். அதற்கு மேல் சிக்கன் 65, மீன் என்று அடுக்குவது விருந்தைக் கூட்டாது.

மற்றவை

மேடைக்குச் செயற்கைப் பூச்சுவரும் கலர் விளக்கும் வேண்டாம். வாசலில் குலையோடு இரண்டு வாழைமரம், குருத்தோலைத் தோரணம், மேடையில் பின்திரையாக ஒரு வெற்றுச் சேலை. போட்டோவில் முகம் தெளிவாக விழும். பத்தமடைப் பாயில் மணமக்கள் பெயரை நெய்து கொடுக்கிற வழக்கம் இன்றும் இருக்கிறது. மெல்லிய பட்டுப்பாய் விலை கூடுதல், நெய்யவும் வாரக்கணக்கில் ஆகும். நீங்கள் வாங்க வேண்டாம். பரிசு கொடுக்க நினைக்கும் நண்பர்கள் நாலு பேர் சேர்ந்து வாங்கித் தரட்டும், அன்றைக்கு மேடையிலேயே விரிக்கலாம்.

பிளெக்ஸ் போர்டு வைக்கவே வைக்காதீர்கள். 2019 செப்டம்பரில் சென்னை பள்ளிக்கரணையில் சாலை நடுவில் விழுந்து ஓர் இளம்பெண்ணின் உயிரைப் பறித்தது ஒரு கல்யாண வரவேற்பு பேனர்தான். அனுமதி வாங்காமல் வைத்தால் வழக்கும் வரும்.

பாட்டுக் கச்சேரிக்குப் பதிலாக ஒரு மணி நேரம் நாதஸ்வரமும் தவிலும். நாதஸ்வர வித்வான் காருகுறிச்சி அருணாசலம் பிறந்த பக்கத்தில் இருந்துகொண்டு ஸ்பீக்கர் பாக்ஸுக்குப் பணம் கொடுப்பது எனக்குச் சம்மதமில்லை. போட்டோவுக்கு ஒருவர் போதும், ஆல்பத்தைப் பிறகு பணம் சேரும்போது போட்டுக்கொள்ளலாம். டிரோன் வேண்டாம். அழைப்பிதழ் நூறு அச்சடித்து நேரில் போய்க் கொடுக்க வேண்டிய வீடுகளுக்குக் கொடுங்கள், மற்றவர்களுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு ஒரு போனும் போடுங்கள். போன் போடாமல் அனுப்பியது அழைப்பாகாது. தாம்பூலத்துக்கு மஞ்சள் துணிப் பை, ஒரு தேங்காய், வெற்றிலை, பாக்கு. தேங்காய் கட்டுப்படியாகாவிட்டால் ஒரு எலுமிச்சம்பழம். பிளாஸ்டிக் டப்பா, சாமி படம், பெயர் அச்சடித்த பர்ஸ் எதுவும் வேண்டாம்.

2020 இல் கொரோனா கட்டுப்பாட்டின்போது ஐம்பது பேருக்கு மேல் கூடக் கூடாது என்றார்கள். அன்று வீட்டு வாசலிலும் கோயில் படியிலும் கல்யாணம் முடித்தவர்களை இன்று யாரும் குறைவாகப் பேசவில்லை. உங்கள் வீட்டில் பட்டியலைக் குறைக்கச் சண்டை வரும்போது அந்த ஆண்டில் நடந்த ஒரு சொந்தக்காரக் கல்யாணத்தைப் பெயர் சொல்லி ஞாபகப்படுத்துங்கள்.

கடைசியாக, செலவு நோட்டில் பலர் மறக்கும் ஒரு வரி. தமிழ்நாடு திருமணங்கள் பதிவுச் சட்டம், 2009இன்படி எந்த மதத்தினராக இருந்தாலும் திருமணத்தை 90 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும். தவறினால் தாமதக் கட்டணத்தோடு மேலும் 60 நாள் அவகாசம் உண்டு. கோயில் ரசீது, அழைப்பிதழ் இரண்டு, இருவரின் வயது, முகவரிச் சான்றுகள், புகைப்படங்கள் எல்லாவற்றையும் ஒரே உறையில் போட்டு, மண்டபச் சாவியைத் திருப்பிக் கொடுக்கிற அன்றே தனியாக எடுத்து வையுங்கள்.